இரேனா மடித்த ஓரம்

1.

உள்ளதைச் சொல்லிவிடுகிறேன். இந்தக் கதை எனக்குக் குப்பைத்தொட்டியில் கிடைத்தது. லூப்லின் நகரில் நாங்கள் குடியிருக்கும் அடுக்குமாடியின் முற்றத்தில், ஒரு சனிக்கிழமை, ஒரு பெண் பானை நிறைய வெந்து பிளந்த கொழுக்கட்டைகளைக் கொட்டினாள். கொட்டிவிட்டு மாடி ஜன்னல்களை ஒருமுறை நிமிர்ந்து பார்த்தாள். அந்தத் திருட்டு முழிதான் நான் எடுத்துக்கொண்டது. மீதியெல்லாம் என் கைச்சரக்கு. அவளுக்குக் கிங்கா என்று பெயர் வைக்கிறேன்.

2.

முதல் தொடக்கம்: "கிங்காவுக்கு மாவு பிசையத் தெரியாது..." (அபாண்டம். நன்றாகவே பிசைவாள்.)

இரண்டாவது: "இரேனா செத்துப்போன அன்று வானம்..." (வானத்தை விடுங்கள்.)

சரி, நேராகவே வருகிறேன். மாமியார் இரேனா போன குளிர்காலத்தில் இறந்துபோனாள். இன்று மத்தியானம் நாத்தனார் தியோபிலா சாப்பிட வருகிறாள். கிங்காவின் சமையலை நொட்டை சொல்லாமல் அவள் பந்தியைவிட்டு எழுந்ததே கிடையாது. இன்றைக்காவது அவள் வாயை அடைக்க வேண்டும். கிங்காவுக்கு வேறெதுவும் வேண்டாம்.

அவசரம் புத்தியைக் கெடுத்தது. கேக்குக்கென்று அரைத்து டப்பாவில் விற்கிற பாலாடைக்கட்டியை வாங்கி வந்துவிட்டாள். அதில் பூரணம் நிற்காது என்று இந்த ஊரில் சின்னப்பிள்ளைக்கும் தெரியும். கொதிநீரில் விழுந்ததும் ஒவ்வொன்றாய் வாய் பிளந்தன. பானை முழுக்க வெள்ளைக் கஞ்சி.

3.

கொட்டிவிட்டு வந்தவள் ஃப்ரீசரைத் திறந்தாள். அடித்தட்டில் ஒரு பொட்டலம்.*

(* இங்கே எந்தத் தாயும் வந்த பிள்ளையை வெறுங்கையோடு அனுப்பமாட்டாள். இது இரேனா தன் கையால் பிடித்துக் கொடுத்த கடைசிக் கொழுக்கட்டைப் பொட்டலம். மகன் மிரெக் அதை யாரையும் தொட விட்டதில்லை.)

நான் தடுத்துப் பார்த்தேன். இந்தப் பத்தியை அடித்து அடித்து எழுதினேன். எப்படி எழுதினாலும் அவள் கை அங்கேயே போனது.

4.

அதை வேகவைத்து, புளித்த பாலேடு ஊற்றி, சர்க்கரை தூவிப் பரிமாறினாள். ஒரு கடி கடித்ததுமே தியோபிலாவின் கண் விரிந்தது.

"அடியே கிங்கா! இது நீ செஞ்சதா?"

"வேற யாரு செய்வா? காலைலேர்ந்து அடுப்படியிலதான் நிக்கிறேன்."

(இந்த வரியை நான் எழுதவில்லை. அவளே சொல்லிவிட்டாள்.)

"அம்மா கைப்பக்குவம் அப்படியே இருக்கு! ஓரத்தைப் பாரு, அதே பின்னல் மடிப்பு. டேய் மிரெக், ஊமைக்கோட்டான் மாதிரி உக்காந்திருக்கியே, வாயத் தொறந்து சொல்லேன்டா!"

மிரெக் முள்கரண்டியில் ஒன்றைக் குத்தி, அதன் ஓரத்தையே பார்த்துக்கொண்டிருந்தான். பிறகு மனைவியைப் பார்த்தான்.

"ஆமாக்கா," என்றான். "கிங்காதான் செஞ்சா. காலைலேர்ந்து நின்னா."

கிங்கா கூனிக்குறுகிப் போனாள். அவன் நாலு வார்த்தை திட்டியிருந்தால்கூட அழுது தீர்த்திருப்பாள். பொய் சொல்லிக் காப்பாற்றிவிட்டானே, பாவி! காது மடலெல்லாம் எரிந்தது.

5.

முடிவு அ: கிங்கா எழுந்து நின்று உண்மையைப் போட்டு உடைக்கிறாள். தியோபிலா அவளைக் கட்டிக்கொண்டு... (யார் நம்புவார்கள்?)

முடிவு ஆ: நாத்தனார் போனதும் புருஷனிடம் மன்னிப்பு... (அதற்கு முன்னால் இந்தச் சாப்பாடு முடியட்டும்.)

நான் இப்படி அல்லாடிக்கொண்டிருக்கும்போதே தியோபிலா பேச ஆரம்பித்துவிட்டாள்.

"கிங்கா, ஒண்ணு கேக்கணும். கேக்கவே வெக்கமா இருக்கு. அம்மா எத்தனையோ தடவ கூப்பிட்டாங்க. நான் ஒரு நாள்கூட பக்கத்துல உக்காந்து கத்துக்கல. இந்த மடிப்ப எனக்குச் சொல்லிக் குடுப்பியா? உன்னை வாய்க்கு வந்தபடி பேசியிருக்கேன். மனசுல வெச்சுக்காதே."

கிங்கா தலையை ஆட்டினாள். ஆமென்றா, மாட்டேனென்றா என்று எனக்கே தெரியவில்லை. அந்த மடிப்பு அவளுக்கும் தெரியாது.

தட்டில் ஒன்றே ஒன்று மிச்சம். தியோபிலா அதை அவள் பக்கம் நகர்த்தினாள்.

"இதை நீ சாப்பிடு. காலைலேர்ந்து நின்னவளுக்குத்தான் கடைசி."

மிரெக் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டான்.

தின்றால், இரேனாவின் கை மடித்தது இனி எங்கேயும் இல்லை. தின்னாவிட்டால், ஏன் என்று சொல்லியாக வேண்டும். அவள் குனிந்த தலையை இதற்குமேல் பார்த்துக்கொண்டிருக்க எனக்குக் கூச்சமாக இருக்கிறது. நான் எழுந்துகொள்கிறேன்.

அவள் வாயைத் திறக்கிறாள். தின்பதற்கா, சொல்வதற்கா? நீங்கள் அங்கேயே இருந்து பாருங்கள்.