கேமராவுக்குப் பக்கத்தில் நின்றவன்

ஸ்பெயின் தலைநகர் மத்ரித்தில் இப்போதெல்லாம் நடிகனைத் தேர்வு செய்ய யாரும் நேரில் கூப்பிடுவதில்லை. கைபேசிக்கு மூன்று பக்க வசனம் வரும். வீட்டில் வெள்ளையாக இருக்கும் ஏதாவது ஒரு சுவரைத் தேடிப்பிடித்து, அதன் முன்னால் நின்று நடித்து, இரண்டு நாளைக்குள் படம்பிடித்து அனுப்ப வேண்டும். பிடித்திருந்தால் ஃபோன் வரும். பிடிக்கவில்லை என்பதை மட்டும் யாரும் சொல்ல மாட்டார்கள். அதை நாமாகவே புரிந்துகொண்டு ஒழிய வேண்டும்.

இதில் ஒரு சங்கடம். எதிராளியின் வசனத்தைப் படிக்க இன்னொரு ஆள் வேண்டும். அவன் கேமராவுக்குப் பக்கத்தில் நின்று படிப்பான். குரல் கேட்கும், முகம் வராது. பேரும் கிடையாது, ஒரு நன்றியும் கிடையாது. ஃபெர்மினுக்கு அப்படிப் படித்தவன் ஹினேஸ்.

இருவரும் நடிப்புப் பள்ளியில் ஒரே வகுப்பு. பிறகு மத்ரித்தின் கரபன்செல் பகுதியில், மின்தூக்கி இல்லாத கட்டடத்தின் நான்காவது மாடியில் ஒரே வீடு. ஃபெர்மின் சுரங்கம் மூடிப்போன புவேர்தொயானோக்காரன், பார்க்க லட்சணமானவன். ஹினேஸ் தெற்கே கடலோரத்து அகிலாஸ்காரன். பேசும்போது வார்த்தையின் வாலை விழுங்கிவிடுவான், மூக்கு ஒரு பக்கம் கோணல். ஆனால் அவன் நடிப்பு வேறு ரகம். வகுப்பில் அவன் எழுந்து நின்றால் கைபேசி நோண்டுகிறவன்கூடத் தலையைத் தூக்குவான். இது வகுப்புக்கே தெரியும். எல்லாரையும்விட நன்றாக ஃபெர்மினுக்குத் தெரியும்.

அந்தப் பிப்ரவரியில் வந்தது அண்ணன் தம்பி கதை. ஒரு பெரிய இணையத்தள நிறுவனத்தின் எட்டு அத்தியாயத் தொடர். ஃபெர்மினிடம் கேட்டிருந்தது தம்பி வேடம். ஹினேஸ் அண்ணனைப் படித்தான்.

"டேய், மூஞ்சிய ஏன் இப்படி விளம்பரத்துல வர்றவன் மாதிரி வச்சிருக்க? பல் பொடியா விக்கிற?" என்றான் ஹினேஸ்.

"நீ படிடா முதல்ல."

"படிக்கிறேன். ஆனா என்னையப் பாரு. அந்தக் கேமரா உன் அண்ணன் இல்ல, நான்தான் உன் அண்ணன்."

பிறகு படித்தான். "அப்பாவ அடக்கம் பண்ணின அன்னிக்கு நீ எங்கடா இருந்த?"

அவ்வளவுதான். சத்தம் போடவில்லை. அடுப்பில் பால் வைத்திருக்கிறாயா என்று கேட்பதைப் போலக் கேட்டான். ஃபெர்மினுடைய அப்பா புவேர்தொயானோவில் உயிரோடு, மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு சோபாவில் குறட்டை விட்டுக்கொண்டிருந்தார். இருந்தும் அவரைப் பறிகொடுத்தவன் போல இவன் அழுதான். ஒரே தடவையில் எடுத்து முடித்து, அப்படியே அனுப்பினார்கள்.

பன்னிரண்டாம் நாள் ஃபோன் வந்தது. ஃபெர்மின் வேலை பார்த்த பாரில் காபிக் கோப்பைகளைக் கழுவிக்கொண்டிருந்தான். பேசியது நடிகர் தேர்வு செய்யும் பெகோனா. மத்ரித்தில் பாதி நடிகர்கள் அந்த அம்மாளின் ஒரு ஃபோனுக்காகத் தவம் கிடந்தார்கள்.

"தம்பி, வேஷம் உங்களுக்குத்தான். இயக்குநருக்கு ரொம்பப் புடிச்சுப்போச்சு."

இவனுக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. குழாயை மூடக்கூடத் தோன்றவில்லை.

"இன்னொண்ணு. எங்களுக்கு இன்னும் அண்ணன் கிடைக்கல. உங்க வீடியோல படிச்சாரே, அவர் யாரு? படத்தை மூடிட்டு அந்தக் குரலை மட்டும் நாலு தடவை கேட்டேன். நடிகரா அவரு?"

தண்ணீர் ஓடிக்கொண்டிருந்தது. ஃபெர்மினுக்கு ஒரு நொடியில் எல்லாம் தெரிந்துவிட்டது. ஹினேஸ் கேமரா முன்னால் வந்து நின்றால், அழுதது இவன் திறமையால் அல்ல, அழவைத்தது அவன்தான் என்பது ஊருக்கே புரிந்துவிடும். அந்தக் கோணல் மூக்கின் பக்கத்தில் தன் அழகான முகத்தை ஒரு நாய்கூடத் திரும்பிப் பார்க்காது.

"கூட இருக்கிற பையன் மேடம். முன்ன நடிச்சிட்டிருந்தான், இப்ப விட்டுட்டான்."

"அடடா, பாவமே. சரி விடுங்க."

திட்டம் போட்டுச் சொன்ன பொய் அல்ல. பயத்தில் வாய் முந்திக்கொண்டது. ஆனால் திரும்பக் கூப்பிட்டுத் திருத்திச் சொல்ல அவனுக்கு அந்த நாள் முழுவதும் நேரம் இருந்தது, அதற்கு அடுத்த நாளும் இருந்தது. அவன் கூப்பிடவில்லை. இதை நான் எந்தச் சமாதானமும் சொல்லி மறைக்கப் போவதில்லை.

மறு ஆண்டு அக்டோபரில், ஒரு வெள்ளிக்கிழமை காலை ஒன்பது மணிக்கு எட்டு அத்தியாயங்களும் ஒன்றாக வெளியாயின. ஞாயிற்றுக்கிழமைக்குள் பிரேசிலில் ஒருத்தி இவன் முகத்தைத் தோளில் பச்சை குத்திக்கொண்டாள். மணிலாவிலும் இஸ்தான்புல்லிலும் ஆட்கள் இவன் அழுகிற காட்சியை வெட்டி ஒட்டிப் பாட்டுப் போட்டார்கள். இவனை இணையத்தில் பின்தொடர்ந்தவர்கள் அதுவரை ஆயிரத்துச் சொச்சம் பேர். அதிலும் பாதி அம்மா வழிச் சொந்தம். மாதம் முடிவதற்குள் அறுபது லட்சத்தைத் தாண்டியது. மெட்ரோவில் ஏற முடியவில்லை. ரொட்டிக்கடைக்காரி ரொட்டியைக் கொடுக்காமல் முதலில் படம் எடுத்துக்கொண்டாள். புவேர்தொயானோ மேயர், அதுவரை இவன் தெருவுக்கு விளக்குப் போடாதவர், இவன் அம்மாவைக் கட்டிப்பிடித்து முத்தம் கொடுத்தார்.

அந்த ஞாயிறு ஹினேஸ் உருளைக்கிழங்கு போட்டுப் பெரிய முட்டை அடை சுட்டான். வாயெல்லாம் பல்லாக அதைத் தட்டில் கவிழ்த்தான்.

"சாப்பிடுங்க பிரபு. நாளையிலேர்ந்து உங்களுக்கு இதெல்லாம் இறங்காது."

"போடா."

"நிஜமா சந்தோஷமா இருக்குடா எனக்கு." பிறகு தட்டைப் பார்த்தபடியே கேட்டான், "அந்தப் பெகோனாம்மாகிட்ட எம்பேரை ஒரு வார்த்தை சொல்லிவைக்கிறியா?"

"சொல்றேன்டா. கண்டிப்பா."

எங்கே சொல்வது? சொன்னால் பழைய பொய் வெளியே வரும். வாயில் இருந்த அடை மண்ணாகப் போனது. மென்று விழுங்கினான்.

டிசம்பரில் ஃபெர்மின் வேறு வீட்டுக்குப் போனான், வாசலில் காவலாளி இருக்கும் கட்டடத்துக்கு. ஹினேஸ் சில மாதம் தன் வீடியோக்களைத் தானே எடுத்தான். எதிர்வசனத்தையும் தானே பதிவு செய்து ஓடவிட்டு, அதற்குப் பதில் சொல்லி நடித்தான். அதற்குப் பிறகு அதுவும் நின்றது. நகரப் பேருந்து ஓட்டும் வேலைக்குத் தேர்வு எழுதி, பாஸாகி, சேர்ந்துவிட்டான். செய்தி வந்தபோது ஃபெர்மினுக்கு முதலில் வந்தது நிம்மதி. அந்த நிம்மதியை நினைத்து அன்று அவன் தன்னையே காறித் துப்பிக்கொண்டான்.

இதற்குப் பிறகு, ஏறிய வேகத்திலேயே இறக்கம். தொடரின் இரண்டாம் பருவத்தில் இவன் முகத்தில் ஒன்றும் அசையவில்லை என்று விமர்சகர்கள் எழுதினார்கள். மூன்றாம் பருவத்தை நிறுவனம் ரத்து செய்தது. வேறு தேர்வுகளுக்கு வீடியோ எடுத்து அனுப்பினான். ஏஜென்ட் அனுப்பிய பெண் படித்தாள், பெரிய வாத்தியார் ஒருவர் வந்து படித்தார். மரக்கட்டைக்கு முன்னால் மந்திரம் சொன்ன மாதிரிதான். ஆறேழு வாய்ப்புகள் போயின. கடைசியாக ஒரு நல்ல வேடம் வந்தது: சிறையிலிருந்து திரும்பிய மகன், கதவைத் திறக்கும் அப்பா. இதுவும் போனால் இனி விளம்பரத்தில் பல் பொடிதான் என்று அவனுக்கே தெரியும்.

அவன் கரபன்செலுக்குப் போனது ஒரு சனிக்கிழமை மதியம், தொப்பியை இழுத்து விட்டுக்கொண்டு. தொப்பிக்குத் தேவையே இருக்கவில்லை. யாரும் திரும்பிப் பார்க்கவில்லை. கதவைத் திறந்த ஹினேஸ் சட்டையைக் கால்சட்டைக்குள் விட்டிருந்தான், கொஞ்சம் தொந்தி போட்டிருந்தது.

"வாடா பெரிய மனுஷா! மாடி ஏறி மூச்சு வாங்குது பாரு. காவக்காரன் தூக்கிட்டு வரலையா?"

விஷயத்தைச் சொன்னதும் தாளை வாங்கிக்கொண்டான். முகம் கோணவில்லை, ஒரு கேள்வியும் கேட்கவில்லை. ஃபெர்மின் சுவருக்கு முன் நின்றான். ஹினேஸ் படித்தான்.

"உள்ள வா. குளிர் வருது. கதவச் சாத்து."

தெளிவாக, மரியாதையாக, அடுத்த நிறுத்தம் எது என்று சொல்கிற மாதிரி. வார்த்தையின் வால்கூட இப்போது ஒழுங்காக வந்தது.

"இன்னொரு தடவ."

"உள்ள வா. குளிர் வருது. கதவச் சாத்து."

"முன்ன படிப்பியேடா, அந்த மாதிரி!"

"முன்னயும் இப்படித்தானடா படிச்சேன்." அவன் பொய் சொல்லவில்லை. அவனுக்கு நிஜமாகவே தெரியவில்லை.

ஃபெர்மின் சுவரோடு சரிந்து தரையில் உட்கார்ந்தான். தான் எதைக் கொன்றோம் என்பது அப்போதுதான் முழுசாக உறைத்தது. சொல்லிவிட்டான், அந்தக் காபிக் கோப்பைகள், பெகோனா கேட்டது, தான் சொன்னது, எல்லாவற்றையும். அடிப்பான் என்று எதிர்பார்த்தான். அடித்தால் தேவலை என்றிருந்தது.

"தெரியும்டா" என்றான் ஹினேஸ்.

"என்ன தெரியும்?"

"நீ வீடு மாறின பிறகு அந்தம்மாவுக்கு நானே எழுதினேன். ஃபோன் பண்ணாங்க. நீங்க நடிப்ப விட்டுட்டதா ஃபெர்மின் சொன்னாரேன்னாங்க. ஆமாங்க, விட்டுட்டேன்னு சொல்லிட்டேன்."

"ஏன்டா? ஏன் அப்படிச் சொன்ன?"

ஹினேஸ் அவன் பக்கத்தில் தரையில் வந்து உட்கார்ந்தான்.

"யோசிச்சுப் பாரு. என் நடிப்ப உன்னைவிட அதிகமா பாத்தவன் எவன்? நாலு வருஷம். நீயே எம்பேரைச் சொல்லலைன்னா, நான் லாயக்கில்லைன்னுதான அர்த்தம்? மூஞ்சிக்கு நேரா சொல்ல உனக்கு மனசு வரல. எனக்குப் புரிஞ்சுது. கொஞ்ச நாள் வலிச்சுது, பொய் சொல்ல மாட்டேன். அப்புறம் நல்லதுக்குத்தான்னு தோணுச்சு. இல்லாட்டி இன்னும் வெள்ளைச் சுவத்தத் தேடிட்டுத் திரிஞ்சிருப்பேன்."

"இல்லடா!" ஃபெர்மின் கத்தினான். "நீதான்டா நடிகன். நீ எம் பக்கத்துல வந்து நின்னா நான் ஒண்ணுமில்லாம போயிடுவேன்னு பயந்து சொன்னேன். அந்த அழுகை உன்னோடது. ஊரு உலகம் பாத்ததெல்லாம் உன்னோடது!"

ஹினேஸ் சிரித்தான். கேலியாக இல்லை, கோபமாகவும் இல்லை. அடிபட்ட பிள்ளையைச் சமாதானப்படுத்துகிறவன் போல இவன் முதுகில் இரண்டு தட்டுத் தட்டினான்.

"சரிடா, சரி. இத்தனை வருஷம் கழிச்சு எனக்கு ஆறுதல் சொல்லணும்னு உனக்குத் தோணுச்சே, அது போதும்."

"ஆறுதல் இல்லடா. சத்தியமாடா. எங்கம்மா மேல சத்தியம்."

"நம்புறேன், நம்புறேன்." அவன் நம்பவில்லை. முழங்காலில் கை ஊன்றி எழுந்தான், சட்டையை உதறிச் சரிசெய்துகொண்டான், தாளைக் கையில் எடுத்தான். "எந்திரி. நான் அஞ்சு மணிக்கு வண்டி எடுக்கணும். உன் வேலைய முடிச்சுக் குடுத்துட்டுப் போறேன்."

ஃபெர்மின் எழுந்து சுவருக்கு முன் நின்றான். கேமராவுக்குப் பக்கத்தில் நின்றவன் தொண்டையைச் செருமிக்கொண்டு, ஒரு வார்த்தை விடாமல், முதல் வரியிலிருந்து ஒழுங்காகப் படிக்க ஆரம்பித்தான்.