வேலிக்கு வெளியே அண்ணன்

வெள்ளைத் துணி சுற்றிய எலும்புச் சாடியைக் காரின் பின்னிருக்கையில் வைத்து, அதற்கு சீட் பெல்ட்டையும் மாட்டிவிட்டாள் மாயு.

"ஒசாகாவுல லாரி ஓட்டினப்போ மாமா ஒரு நாளாவது பெல்ட் போட்டிருப்பாரா? இப்பவாவது போட்டுக்கட்டும்."

அவள் அம்மா சுமியே சிரித்துவிட்டாள். அண்ணன் சேய்கோ இளவயதில் ஒகினாவாவை விட்டுப் போனவன். ஒசாகாவிலேயே உழைத்து, ஒசாகாவிலேயே செத்தான். "என்னைத் தாத்தா பக்கத்துல வச்சிடு, சுமியே" என்று போனில் சொன்னதுதான் அவள் கேட்ட அவன் கடைசிப் பேச்சு.

இன்று பழைய காலண்டரில் ஏழாம் மாதம் ஏழாம் நாள். தனபாத்தா. நாள், நேரம் பார்க்காமல் கல்லறை வாயைத் திறக்கலாம் என்றால் அது வருஷத்தில் இந்த ஒரு நாள்தான். மற்ற நாளில் திறந்தால் வீட்டில் இன்னொரு சாவு விழும் என்று ஊரில் எல்லோருக்கும் பயம்.

கல்லறை தாத்தா கட்டியது. ஆமை முதுகு மாதிரி வளைந்த கல்கூரை, முன்னால் குடும்பமே உட்கார்ந்து சாப்பிடும்படி ஒரு முற்றம். போர் முடிந்ததும் அமெரிக்கர்கள் அந்தச் சரிவைச் சுற்றி வேலி போட்டு வெடிமருந்துக் கிடங்கு ஆக்கினார்கள். வீடு போயிற்று, கரும்புக்காடு போயிற்று, கல்லறை மட்டும் உள்ளேயே நின்றது. அன்று முதல் தங்கள் செத்தவர்களைப் பார்க்க இந்தக் குடும்பம் வாசலில் அனுமதிச் சீட்டைக் காட்டி நிற்கிறது.

வாசல் காவலில் இருந்தது சோகென். பள்ளியில் சுமியேவுக்கு ஒரு வகுப்பு இளையவன். காரைப் பார்த்ததும் அவன் முகம் சுருங்கியது.

"அக்கா, இன்னைக்கு முடியாது. உள்ள கூட்டுப் பயிற்சி. போன வாரம் நடக்கவேண்டியது, புயலால தள்ளிப்போய் இன்னைக்கு வந்து விழுந்திருக்கு."

"சீட்டு இருக்கே?"

"சீட்டு சரிதான். நாள்தான் சரியில்லை."

"தனபாத்தாவைப் பார்த்து நாள் சரியில்லைன்னு சொன்ன முதல் ஒகினாவாக்காரன் நீதான்டா."

"என்னைத் திட்டி என்ன பண்ண? முன்ன ஒரு மாமியார். அமெரிக்காக்காரன் தலையாட்டினா போதும், கதவைத் திறந்துடுவேன். இப்ப நம்ம படையும் உள்ள வந்தாச்சு. ரெண்டு மாமியார். ரெண்டு பேரும் சேர்ந்து தலையாட்டணும்."

டோக்கியோவின் தற்காப்புப் படை இந்தக் கிடங்கை அமெரிக்கர்களோடு பங்குபோட்டுக்கொள்ளப் போகிறது என்று டிவியில் சொன்ன அன்று சுமியே சந்தோஷப்பட்டிருந்தாள். இரண்டு நாட்டு மந்திரிகளும் கைகுலுக்கினார்கள். தெற்குத் தீவுகளுக்கு ஆபத்து, கூட்டணி முன்னெப்போதையும்விட நெருக்கம் என்றார்கள். அந்த ஆபத்து அவளுக்கு விளங்கவில்லை. நம் பாஷை பேசுகிறவன் வாசலில் நின்றால் எடுத்துச் சொல்லலாமே என்றுதான் நினைத்தாள்.

நம் பாஷை பேசுகிறவன் வந்தான். தூரத்து வடக்கிலிருந்து வந்த இளம் அதிகாரி. தொப்பியைக் கழற்றி இடுப்பு வரை குனிந்தான்.

"ரொம்ப சிரமம் கொடுத்துட்டோம், அம்மா. மன்னிக்கணும்."

"எங்களுக்குக் கொஞ்ச நேரம் போதும் தம்பி. வாயைத் திறந்து, சாடியை வச்சு, மூடிட்டு வந்துடுவோம்."

"புரியுதும்மா. ஆனா இது அமெரிக்கத் தரப்பு இடம். அவங்க சொல்லாம நான் யாரையும் உள்ள விட முடியாது. மன்னிக்கணும்."

மறுபடி குனிந்தான். இப்படிக் குனிகிறவனை எங்கே பிடித்துத் திட்டுவது என்று சுமியேவுக்குத் தெரியவில்லை.

சோகென் வாசலுக்கு உள்பக்கம் நின்ற அமெரிக்கச் சிப்பாயிடம் போய்த் தனக்குத் தெரிந்த ஆங்கிலத்தில் கைகாலெல்லாம் ஆட்டிப் பேசினான். அந்தப் பையன் காரிலிருந்த சாடியைப் பார்த்தான், தலையைச் சொறிந்தான், போனில் யாரிடமோ கேட்டான். பிறகு சுமியேவிடம் ஒரு பாட்டில் குளிர்ந்த தண்ணீரை நீட்டினான்.

"என்ன சொல்றான்?"

"இன்னைக்குப் பயிற்சியை நடத்துறது ஜப்பான் தரப்பாம். அவங்கதான் சொல்லணுமாம்."

"அவர் இவரைக் கைகாட்டுறாரு, இவர் அவரைக் கைகாட்டுறாரு" என்றாள் மாயு. "ரெண்டு பேரும் இங்கயேதானே நிக்கிறாங்க! பேசிக்கச் சொல்லுங்க, சித்தப்பா."

"பேசிக்கிட்டாங்கம்மா. ரெண்டு பேருக்கும் மேல ஆள் இருக்கு. மேல இருக்கறவங்க பேசிக்கணும்."

காத்திருந்தார்கள். சிள்வண்டுகள் காது கிழியக் கத்தின. மேலே இருப்பவர்கள் பேசிக்கொண்டதாகத் தெரியவில்லை. சூரியன் இறங்கிவிட்டால் கல்லறை வாயைத் திறக்கக்கூடாது. சுமியே நிழல் நீள்வதையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

வசந்தத்தில் இதே வாசல் திறந்துதான் இருந்தது. முன்னோர் கல்லறை முன்னால் கூடிச் சாப்பிடும் ஷீமி விருந்துக்குக் குடும்பம் முழுக்க உள்ளே போய், முற்றத்தில் பாய் விரித்து, பன்றிக்கறியும் வேகவைத்த கடற்பாசியும் அரிசிப் பணியாரமும் சாப்பிட்டு வந்தார்கள். அப்போதே ஒசாகாவிலிருந்து சாடி வந்து, வீட்டில் டிவி பக்கத்தில் இருந்தது. "மாமாவையும் எடுத்துட்டுப் போகலாம்மா, வாசல் திறந்திருக்கு" என்று மாயு கெஞ்சினாள். ஷீமியில் கல்லறையைத் திறக்கிறதா, வீடு என்னத்துக்கு ஆகும் என்று சுமியேதான் அதட்டினாள். முறைப்படி தனபாத்தா வரட்டும் என்றாள்.

மாயு அதை இன்று சொல்லிக்காட்டவில்லை. சொல்லியிருந்தால் தேவலை போலிருந்தது.

வேலியோரமாகக் கொஞ்சம் நடந்தால் கல்லறை தெரியும். நடந்தார்கள். சுமியே சாடியை மார்போடு அணைத்துக்கொண்டாள். தாத்தாவின் முற்றத்தில் பச்சை உடுப்புச் சிப்பாய்கள் நிழலுக்கு ஒதுங்கியிருந்தார்கள். ஜப்பான்காரர்களும் அமெரிக்கர்களும் கலந்து வட்டமாக உட்கார்ந்து, பொட்டலங்களைப் பிரித்துச் சாப்பிட்டுக்கொண்டிருந்தார்கள். ஒருவன் ஏதோ சொல்ல, மற்றவர்கள் தொடையில் தட்டிச் சிரித்தார்கள். ஷீமி அன்று சுமியேவின் குடும்பம் உட்கார்ந்த மாதிரியே.

"நம்ம இடத்துல..." என்று ஆரம்பித்த மாயு பாதியில் நிறுத்திக்கொண்டாள்.

சுமியே வேலிக்கு முன்னால் சாடியை இறக்கி, பழங்களை வைத்தாள். போக முடியாத இடத்தை நோக்கித் தூரத்திலிருந்தே கும்பிடுவதும் வழக்கம்தான். கறுப்பு ஊதுபத்திப் பட்டையை எடுத்தபோது சோகென் மூச்சிரைக்க ஓடிவந்தான்.

"அக்கா, தீப்பெட்டி வேண்டாம். வெடிமருந்துக் கிடங்கு. என் வேலையே போயிடும்."

"கொளுத்தாம வச்சா தாத்தாவுக்கு எப்படிடா தெரியும்?"

"மழைக்காலத்துல எங்கம்மா கொளுத்தாமதான் வைப்பாங்க. குளிர்ந்த பத்தி. அதுவும் செல்லும்க்கா."

செல்லுமா என்று அவனுக்கே நிச்சயமில்லாத குரல். சுமியே பற்றவைக்காத பத்தியைப் புல்லில் வைத்தாள். கைகூப்பினாள்.

"தாத்தா, சேய்கோ வந்திருக்கான். வாசல் வரைக்கும் வந்துட்டான்..."

தலைக்கு மேலே இரண்டு ஹெலிகாப்டர்கள் போயின. அவள் வாய் அசைந்தது அவளுக்கே கேட்கவில்லை. சத்தம் அடங்கும்வரை காத்திருந்து மறுபடி முதலிலிருந்து சொன்னாள். ஹெலிகாப்டர்கள் திரும்பி வந்தன. மூன்றாவது முறை அவள் சொல்லவில்லை.

நிழல் வேலியைத் தாண்டி ரோட்டுக்கு வந்துவிட்டது. காருக்குத் திரும்பியபோது அந்த இளம் அதிகாரி ஓடிவந்து கதவைத் திறந்துவிட்டான். சாடியைப் பார்த்து, எல்லா முறையையும்விட ஆழமாகக் குனிந்தான்.

"அடுத்த வருஷம் விடுவீங்களா, தம்பி?"

"அதை நான் சொல்ல முடியாதும்மா. மன்னிக்கணும்."

அவன் பொய் சொல்லவில்லை என்று அவளுக்குத் தெரிந்தது. அவனாலும் ஒன்றும் ஆகாது. அவளே அவனுக்குத் தலைகுனிந்து நன்றி சொன்னாள்.

மாயு சாடிக்கு மறுபடி பெல்ட் மாட்டினாள். சுமியே முன்னால் உட்காராமல் பின்னால் ஏறி, சாடியின் மேல் கையை வைத்துக்கொண்டாள்.

"டிவி பக்கத்துலயே இருந்துக்கோ, அண்ணா" என்றாள். "வேற எங்க வைக்கிறதுன்னு எனக்குத் தெரியலை."