இருதரப்பு உடன்பாடு

லுபோர் ஹனாக் பின்திடலைச் சுற்றித் தனியாக ஓடிக்கொண்டிருந்தான். பிப்ரவரிக் காலை, இன்னும் முழுதாக வெளுக்கவில்லை. சேற்றில் பதிந்திருந்த பூட்ஸ் தடங்கள் அப்படியே உறைந்து கல்லாகிக் கிடந்தன. வேலிக்கு அந்தப் பக்கம், பனி தள்ளிச் சுத்தமாக்கிய செயற்கைப் புல் திடல் காலியாக இருந்தது. அணி பத்து மணிக்குத்தான் அங்கே வரும். திடலைப் பராமரிக்கும் மோஜ்மீர் அவனுக்குக் கதவைத் திறந்துவிட்டு, டிராக்டர் கொட்டகை வாசலில் தேநீர்க் குவளையோடு நின்றார். உடைமாற்றும் அறை, உடற்பயிற்சிக் கூடம் இரண்டின் சாவியையும் லுபோருக்குக் கொடுக்கக் கூடாது என்று அவருக்குச் சொல்லியிருந்தார்கள். அதனால் அவன் காருக்குள்ளேயே உடை மாற்றிக்கொண்டு வந்திருந்தான்.

அவனுக்கு முப்பத்தைந்து வயது. கால்பந்தில் நடுக்கள ஆட்டக்காரன். எதிராளியின் காலிலிருந்து பந்தை எடுத்து, கோல் அடிக்கப்போகிறவனிடம் சேர்த்துவிட்டு ஒதுங்கிக்கொள்கிற வேலை. போலந்து, சைப்ரஸ், ருமேனியா, கஜகஸ்தான் என்று போன இடமெல்லாம் அந்த வேலையைச் செய்தான். எந்த ஊரிலும் அவன் பெயரைச் சொல்லிக் கூட்டம் பாடியதில்லை. அவன் ஆடாத நாளில் அணி தோற்றால் மட்டும் அவன் எங்கே என்று கேட்டார்கள். மகள் அநேஷ்கா மூன்றாவது மொழியில் எழுத்துக் கூட்டத் தொடங்கியபோது, போதும், ஊருக்குப் போகலாம் என்று மனைவி யித்கா சொன்னாள். பெச்வா ஆற்றங்கரையில், அவன் பிறந்த ஊருக்குப் பக்கத்திலேயே இருந்த இந்த இரண்டாம் பிரிவு கிளப்பில் வந்து சேர்ந்தார்கள். ஒரு பருவம் நன்றாகவே போனது.

குளிர்காலத்தில் கிளப் கைமாறியது. இளைஞர்களை ஆடவைத்துப் பெரிய கிளப்புகளுக்கு விற்பதுதான் புது முதலாளியின் கணக்கு. முப்பத்தைந்து வயதுக்காரனை யாருக்கும் விற்க முடியாது. லுபோரின் ஒப்பந்தம் முடிய இன்னும் ஒன்றரை வருடம் இருந்தது. விலகிக்கொள் என்றார்கள். அவன் மாட்டேன் என்றான். மறுவாரமே தனிப்பயிற்சி என்று உத்தரவு வந்தது. காலை ஏழு மணிக்கு ஒரு முறை, மாலை ஐந்து மணிக்கு ஒரு முறை. நடுவில் வேறு எந்த வேலைக்கும் போக முடியாது. ஒரு முறை வராவிட்டாலும் ஒப்பந்தத்தை மீறியவன் ஆகிவிடுவான், மிச்சச் சம்பளம் தராமலே அவனை நீக்கிவிடலாம். உறைந்த தரையில் முழங்கால் வலிக்கிறது, கூடத்தையாவது திறந்துவிடுங்கள் என்று துணைப் பயிற்சியாளரிடம் கேட்டுப் பார்த்தான். வெளியே ஓடச் சொல்லித்தான் தனக்கு உத்தரவு என்று அவர் சொல்லிவிட்டுப் போனார்.

உத்தரவில் கையெழுத்துப் போட்டவன் தாலிபோர். கிளப்பின் விளையாட்டு இயக்குநர். பதினோரு வருடங்களுக்கு முன்பு சைப்ரஸில், லார்னகா நகரத்தில், லுபோரோடு ஒரே அறையில் தங்கி, ஒரே அணியில் ஆடியவன். அங்கே அந்த கிளப் இரண்டு வெளிநாட்டுக்காரர்களையும் துரத்த நினைத்து, இதே மாதிரி உச்சிவெயிலில் தனியாக ஓடவிட்டது. மூன்றாம் வாரம் தாலிபோர் பெட்டியைக் கட்டிவிட்டுக் கட்டிலில் உட்கார்ந்து அழுதான். லுபோர்தான் பெட்டியைப் பிரித்துப்போட்டு, அவனைக் கையைப் பிடித்துத் திடலுக்கு இழுத்துப் போனான். கடைசியில் கிளப்தான் இறங்கி வந்தது.

அலுவலகப் படிக்கட்டில் தாலிபோரை மடக்க அவனுக்குப் பல நாள் ஆயிற்று.

"இதை நீயாடா செய்யற?"

"மேல சொல்றாங்க. நான் கையெழுத்துப் போடறேன், அவ்வளவுதான்."

"லார்னகாவுல எப்படி இருந்துச்சுன்னு உனக்குத் தெரியாதா?"

"தெரியும். அதனாலதான் சொல்றேன், விட்டுட்டுப் போயிடு." தாலிபோர் குரலைத் தாழ்த்தினான். "அங்க நாம ஜெயிச்சோம்னு இன்னமும் நெனச்சிட்டிருக்கியா? அதுக்கப்புறம் என்னை எவனும் உருப்படியா எடுக்கல. வம்பு பண்றவன்னு பேரு. இங்க இருதரப்பு உடன்பாட்டின் பேரில் பிரிஞ்சோம்னு போட்டுக்கலாம். கௌரவமா இருக்கும்."

லுபோர் படியிறங்கி வந்தான். வேலிக்கு அப்பால் அணி பயிற்சிக்கு வந்துகொண்டிருந்தது. முதல் வாரத்தில் அவனைப் பார்த்துக் கையசைத்தவர்கள் இப்போது அந்த இடத்தைக் கடக்கும்போது கைபேசியை எடுத்துப் பார்த்தார்கள்.

யித்கா முதியோர் இல்லத்தில் வேலை செய்தாள். நர்ஸ் படிப்பைப் பாதியில் விட்டுவிட்டு அவன் பின்னால் நாடு நாடாகப் போனதில், திரும்பி வந்தபோது உதவியாளர் வேலைதான் கிடைத்தது. நாள் முழுக்கக் கிழவர்களைத் தூக்கி உட்காரவைத்துவிட்டு வந்து, மேசையில் பூண்டு சூப்பை வைத்தாள். அவன் முழங்காலில் கட்டியிருந்த ஐஸ் பையைப் பார்த்தாள்.

"அவங்க ஓடச் சொல்றது நீ விழணும்னுதான். அது உனக்குப் புரியுதா இல்லையா?"

"புரியுது."

"அப்புறம் ஏன் ஓடற?"

"நின்னா நான் மீறினவன் ஆயிடுவேன்."

அவள் ரொட்டியைப் பிய்த்து அவன் சூப்பில் போட்டாள்.

மாத முடிவில் அவன் விழுந்தான். யாரும் மோதவில்லை. தரையில் வரிசையாக வைத்த பயிற்சிக் கூம்புகளுக்கு நடுவே வளைந்து ஓடும்போது பூட்ஸ் ஒரு தடத்துக்குள் சிக்கிக்கொண்டது, உடம்பு மட்டும் திரும்பியது. முழங்காலுக்குள் எதுவோ கழன்று இடம் மாறியது. அவன் உறைந்த புல்லில் முகத்தை வைத்துக்கொண்டு கிடந்தான். மோஜ்மீர் டிராக்டரின் பின்வண்டியைக் கொண்டுவந்து, உப்பு மூட்டைகளுக்கு நடுவில் அவனைப் படுக்கவைத்து வாசல்வரை ஓட்டிப் போனார். தன் மேல்கோட்டைக் கழற்றி அவன்மேல் போட்டிருந்தார்.

தசைநார் அறுந்துவிட்டது, ஜவ்வும் கிழிந்திருக்கிறது என்றார் மாவட்ட மருத்துவமனை டாக்டர். அறுவை சிகிச்சைக்கு வரிசை நீளமாக இருந்தது. இலையுதிர் காலத்தில் கூப்பிடுவோம் என்றார்கள். கிளப்பிடம் கேட்டதற்கு, ஆட்டக்காரர்கள் யாரும் ஊழியர்கள் இல்லை, தனித்தனியே தொழில் செய்கிறவர்கள், ஆகவே இது வேலையில் நடந்த விபத்து ஆகாது என்று பதில் வந்தது. கூடவே இன்னொன்றும் இருந்தது. உடற்பயிற்சிக் கூடம் எப்போதும் திறந்துதான் இருந்தது, உறைந்த திடலில் ஓடியது ஹனாக்கின் சொந்த முடிவு.

ஆட்டக்காரர்கள் சங்கத்து வக்கீல் அந்த இரண்டாவது விஷயத்தைப் பிடித்துக்கொண்டார். கூடத்தைப் பூட்டி வைக்கச் சொன்னார்கள் என்று ஒரே ஒரு ஆள் சொன்னால் போதும், மிச்சத்தை நான் பார்த்துக்கொள்கிறேன் என்றார்.

லுபோர் ஊன்றுகோல்களோடு மோஜ்மீர் வீட்டுக்குப் போனான். பார்வையாளர் மாடத்துக்கு அடியில் கிளப் கொடுத்திருந்த இரண்டு அறைகள்தான் வீடு. உள்ளே அவர் மனைவி சிறுநீரகச் சிகிச்சைக்குப் போய்வந்து படுத்திருந்தாள். மோஜ்மீர் அவனை உட்காரவைத்து, தானே வடித்த பிளம் சாராயத்தை ஊற்றிக் கொடுத்தார். அவன் விஷயத்தைச் சொல்லி முடிக்கும்வரை தன் கையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"சாவி குடுக்காதேன்னு எங்கிட்ட வாயாலதான்பா சொன்னாங்க," என்றார்.

"அதைத்தான் நீங்க சொல்லணும்."

"சொல்லிட்டு இவளைக் கூட்டிட்டு நான் எங்க போவேன்?"

உள்ளறையில் அவர் மனைவி இருமினாள். லுபோர் குவளையைக் காலி செய்துவிட்டு எழுந்தான். மோஜ்மீர் கதவைப் பிடித்துக்கொண்டு நின்றார். அவன் வாசற்படியைத் தாண்டும்வரை ஊன்றுகோல் நுனிகளையே கவனித்தார்.

அந்த வார இறுதியில் தாலிபோர் ஒரு பெட்டி பாலாடைக்கட்டிப் பணியாரத்தோடு வீட்டுக்கு வந்தான். பிர்னோ நகரில் கிளப்புக்கு வேண்டிய அறுவை சிகிச்சை நிபுணர் ஒருவர் இருக்கிறார், தான் பேசிவிட்டதாகச் சொன்னான். பதினைந்து நாளில் செய்துவிடுவார். தாளை மேசைமேல் வைத்தான். இருதரப்பு உடன்பாட்டின் பேரில். வக்கீல், வழக்கு எதுவும் இருக்கக் கூடாது. அடுத்த சனிக்கிழமை ஆட்டத்தின் இடைவேளையில் ஒரு விடைகொடுப்பும் வைக்கலாம், ரசிகர்கள் கேட்கிறார்கள் என்றான்.

"உன் முழங்கால் எப்படி இருக்கு, தாலிபோர்?" என்று கேட்டாள் யித்கா.

அவன் புரியாமல் அவளைப் பார்த்தான். "நல்லாத்தான் இருக்கு."

"நல்லது," என்றாள் அவள். பணியாரப் பெட்டியைத் திறக்காமல் எடுத்துக்கொண்டுபோய் வாசலில் அவன் ஷூவுக்குப் பக்கத்தில் வைத்தாள்.

லுபோர் ஜன்னல் வழியே வெளியே பார்த்தான். நகரத்துக் கிடங்குகளில் எட்டு மணி நேரம் நிற்கிற வேலைதான் கிடைக்கும். இந்தக் காலோடு இலையுதிர் காலம்வரை காத்திருந்தால் பிறகு அதற்கும் லாயக்கில்லை. வக்கீலின் வழக்கு அதைவிட நீளும். பேனாவைக் கேட்டான். யித்கா சமையலறைக்குப் போய்த் தண்ணீர்க் குழாயைத் திறந்துவிட்டாள். குழாய் வெகுநேரம் ஓடிக்கொண்டிருந்தது.

சனிக்கிழமை இளவெயில் அடித்தது. மாடத்தில் சுட்ட சாஸேஜ் வாசனை வீசியது. இடைவேளையில் ஒலிபெருக்கி அவன் பெயரையும் அவன் ஆடிய நாடுகளையும் வாசித்தது. ருமேனியாவை விட்டுவிட்டார்கள். அவன் ஊன்றுகோல்களை ஊன்றி நடுவட்டம்வரை போனான். எல்லோரும் எழுந்து நின்று கைதட்டினார்கள். தாலிபோர் கண்ணாடிச் சட்டமிட்ட அணியுடையையும் பூங்கொத்தையும் கொடுத்தான். புகைப்படக்காரர் இருவரையும் தோளோடு தோள் சேர்ந்து நிற்கச் சொன்னார். லுபோர் சேர்ந்து நின்றான். படம் எடுத்ததும் தாலிபோர் அவன் முதுகில் தட்டிவிட்டு, குளிருக்குக் கைகளைத் தேய்த்தபடி மாடத்துக்கு ஓடினான்.

சட்டத்தையும் பூங்கொத்தையும் ஊன்றுகோல்களையும் ஒன்றாகப் பிடிக்க லுபோருக்குக் கை போதவில்லை. சட்டத்தை அக்குளில் இடுக்கிக்கொண்டு நகரப் பார்த்தான், அது நழுவியது. நின்று சரிசெய்துகொண்டு மறுபடி நகர்ந்தான். அதற்குள் இரண்டு அணிகளும் வெளியே வந்துவிட்டன. அவன் இடத்தில் ஆடும் பத்தொன்பது வயதுக்காரன் தரையைப் பார்த்துக்கொண்டு அவனைத் தாண்டிப் போனான். நடுவர் பந்தைக் காலடியில் வைத்துக்கொண்டு கடிகாரத்தைப் பார்த்தார்.

"கொஞ்சம் சீக்கிரம் வாங்க, ஆட்டம் தொடங்கணும்," என்று கோட்டோரத்திலிருந்து உதவி நடுவர் சொன்னார்.

எதிர்மாடத்தில் பீர்க் குவளையோடு நின்ற ஒருவர் பொறுமையிழந்து சீழ்க்கை அடித்தார். அவருக்குப் பக்கத்தில் இருந்தவர்களும் அடித்தார்கள். லுபோர் இன்னும் ஓரக்கோட்டுக்குப் பாதித் தூரம்கூடப் போகவில்லை. சீழ்க்கை மாடம் முழுக்கப் பரவியது.