பூனைக்கு மரியாதை

ஒரு பூனையை 'அது' என்று எழுதுவதா, 'அவர்' என்று எழுதுவதா என்ற கேள்வியில் முகம் முறித்துக்கொண்டவர்கள் உலகத்தில் உண்டு. இணையத்தில் எல்லோரும் கூடி எழுதும் கலைக்களஞ்சியம் ஒன்று இருக்கிறது. அங்கே சம்பளம் கிடையாது, சொந்தப் பெயர் கிடையாது, வீம்பு மட்டும் வேண்டிய மட்டும் கிடைக்கும். அந்தக் கூட்டத்தில் மூத்த ஆசாமி 'முற்றுப்புள்ளி'. அவர் வந்து ஒரு வரி போட்டால் பேச்சு முடிந்தது என்று அர்த்தம். அந்தப் பட்டத்தை அவரே தனக்குச் சூட்டிக்கொண்டார் என்பதையும் சொல்லிவிடுகிறேன். இனிமேல் நாம் 'அவன்' என்றே வைத்துக்கொள்வோம். மரியாதையெல்லாம் பூனைக்குப் போய்விட்டது.

பிழைப்புக்கு அவன் ஒரு லிஃப்ட் கம்பெனியின் புகார்ப் பிரிவில் இருந்தான். நடுவழியில் லிஃப்டில் மாட்டிக்கொண்டவர்கள் போன் போட்டு அவனை வாய்க்கு வந்தபடி திட்டுவார்கள். "மன்னிக்கணும் சார், ஆள் கிளம்பிட்டாங்க சார்" என்பதைத் தவிர அவன் வேறு ஒன்றும் சொல்லக் கூடாது. சாப்பாட்டு இடைவேளையில் கலைக்களஞ்சியத்தைத் திறந்தால் அதே ஆளைக் கண்டு நாலு பேர் நடுங்கினார்கள். அந்த ருசி கண்டவனை விடுமா?

அவன் எழுதிய கட்டுரை ஓர் அரசாங்கப் பூனையைப் பற்றியது. ஆவணக் காப்பகத்தில் எலிகள் கோப்புகளைக் கடித்துத் துப்புகின்றன என்று அரசே வளர்த்த பூனை. உயர் அதிகாரியின் நாற்காலியில் போய் உட்கார்ந்துகொண்டதால் அதற்குச் 'செயலர்' என்று பெயர் வந்தது. பத்திரிகைகளில் படம் வந்து பேர் வாங்கியது. பிறகு ஒரு நாள் காணாமல் போனது. வாசல் காவலாளியின் அலட்சியத்தால் பூனை வெளியேறிவிட்டது என்று ஒரு பத்திரிகை எழுதியது, காவலாளியின் முழுப் பெயரோடு.

அந்தக் காவலாளி அவனுடைய அத்தான். கூடப் பிறந்த அக்காவின் புருஷன்.

பழைய அலமாரிகளை வெளியேற்றுவதற்காகக் கதவைத் திறந்தே வை என்று சொன்னது ஓர் அதிகாரி. பூனை போன பிறகு அப்படிச் சொன்னதாக அவருக்கு நினைவே வரவில்லை. அத்தானை வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். அத்தான் சொன்னதை அவன் முழுக்க நம்பினான். ஆனால் கலைக்களஞ்சியத்தில் அத்தான் சொல்வது சான்று ஆகாது, பத்திரிகையில் அச்சானதுதான் சான்று. கூட எழுதும் 'வடிகட்டி' என்பவர் அந்தச் செய்தியைப் பெயரோடு கட்டுரையில் சேர்த்தபோது, அவன் அந்த வரியில் விட்டுப்போன ஒரு காற்புள்ளியைப் போட்டுக் கொடுத்துவிட்டு நன்றியும் சொன்னான்.

அங்கே ஒரு விதி உண்டு. எழுதும் விஷயத்தில் உறவுக்காரர் யாராவது இருந்தால் சொல்லிவிட்டு ஒதுங்கிக்கொள்ள வேண்டும். விதியை முன்மொழிந்தவனே அவன்தான். மாமனாரின் சோடா கம்பெனியைப் பற்றி எழுதிய ஓர் அப்பாவியை நாக்கைப் பிடுங்கிக்கொள்ளும்படி கேட்டு விரட்டியவனும் அவன்தான். தன் அத்தானைப் பற்றி மட்டும் மூச்சு விடவில்லை.

அக்கா போன் செய்தாள்.

"நீ அதுல என்னமோ எழுதறேன்னு சொல்வியேடா. உங்க அத்தான் பேரை மட்டும் எடுத்துடேன். ஒரு ஸ்கூல்ல வாட்ச்மேன் வேலைக்குக் கூப்பிட்டிருக்காங்க. பேரைப் போட்டுத் தேடினா முதல்ல அந்தப் பூனைதான் வந்து நிக்குது."

"எடுத்துடறேங்கா. இதெல்லாம் ஒரு வேலையா?"

உண்மையிலேயே பெரிய வேலை இல்லை. ஆனால் கட்டுரை அப்போது நட்சத்திரத்துக்கான வாக்கெடுப்பில் இருந்தது. சிறந்த கட்டுரை என்று எல்லோரும் ஒப்புக்கொண்டால் தலைப்புக்குப் பக்கத்தில் ஒரு சின்ன நட்சத்திரம் ஒட்டுவார்கள். இத்தனை காலம் எழுதியும் அவனுக்கு ஒன்றுகூடக் கிடைத்ததில்லை. இப்போது போய்ப் பெயரை எடுத்தால் வடிகட்டி ஏன் என்று கேட்பார், வாக்கெடுப்பு நின்றுபோகும். நட்சத்திரம் விழட்டும், மறுநாளே எடுத்துவிடலாம் என்று மனசுக்குச் சமாதானம் சொல்லிக்கொண்டான். அக்காவுக்குச் சொல்லவில்லை.

வாக்கெடுப்பில் நடந்த கூத்தைக் கேளுங்கள். "பதவி வகித்த பூனை, 'பணியில் சேர்ந்தார்' என்றுதான் எழுத வேண்டும்" என்று ஒரு கட்சி. "பால் குடித்தார், மேசைமேல் வாந்தி எடுத்தார் என்றும் எழுதுவீர்களோ?" என்று எதிர்க்கட்சி. காணாமல் போன பூனைக்கு இறந்தகாலமா நிகழ்காலமா என்று தனிச் சண்டை. இந்தக் களேபரத்துக்கு நடுவில் 'ராக்கோழி' என்ற இளகிய மனசுக்காரர் மட்டும் ஒரு வார்த்தை கேட்டார்: "காவலாளியின் பெயர் தேவைதானா? 'அலட்சியம்' என்பதைக் 'கவனக்குறைவு' என்று மாற்றலாமே?"

கும்பிடப்போன தெய்வம் குறுக்கே வந்த மாதிரி. அவன் ஒரு 'சரி' போட்டிருந்தால் போதும். தான் இளகினால் யாராவது மோப்பம் பிடித்துவிடுவார்களோ என்ற பயம். "ஆதாரத்தில் உள்ளபடியே இருக்கட்டும்" என்று எழுதினான். பேச்சு முடிந்தது.

தம்பி எடுத்துவிடுவான் என்று அக்கா பார்த்தாள், பார்த்தாள், பெயர் அப்படியே இருந்தது. அங்கே யார் வேண்டுமானாலும் திருத்தலாம் என்பதை அவளே கண்டுபிடித்தாள். அந்த வரியை அழித்துவிட்டு, "இவர் நல்லவர், பூனைக்குத் தன் சாப்பாட்டிலிருந்து மீன் எடுத்துப் போட்டவர்" என்று எழுதினாள். அவன் அதைப் பார்த்த மாத்திரத்தில், யார் என்றுகூட யோசிக்காமல், பழைய வரியைத் திரும்பப் போட்டான். கை பழகின பழக்கம். அடுத்தபடியாக, எழுதுகிறவர்கள் பேசிக்கொள்ளும் உரையாடல் பக்கத்தில் அவள் எழுதியதைப் படித்தபோதுதான் உறைத்தது.

"முற்றுப்புள்ளி ஐயாவுக்கு. நான் அந்தக் காவலாளியின் மனைவி. அதிகாரி சொல்லித்தான் கதவைத் திறந்தார். அந்தப் பூனைக்குக் காய்ச்சல் வந்தபோது மடியிலேயே வைத்துக்கொண்டிருந்தவர். என் தம்பியும் இங்கேதான் எழுதுகிறான். அவனுக்கு எல்லாம் தெரியும். அவனைக் கேளுங்கள்."

கீழேயே வடிகட்டி கேட்டிருந்தார்: "தம்பியா? நம்மில் யார் அது? உறவை மறைத்து எழுதுகிறவர் இப்போதே சொல்லிவிடுவது நல்லது."

பக்கத்து மேசையில் போன் அடித்துக்கொண்டே இருந்தது. எங்கேயோ யாரோ லிஃப்டில் மாட்டிக்கொண்டு கத்துகிறார்கள். அவன் எடுக்கவில்லை. "தம்பி, தங்கை என்று கதை விடுவது இங்கே புதிதல்ல" என்று தட்டினான். "உறவினரே வந்து கட்டுரையைச் சிதைத்திருக்கிறார். பயனர் தடை செய்யப்படுகிறார்." மூத்தவர்களுக்கு மட்டும் கொடுத்திருந்த தடைப் பொத்தானை அழுத்தினான். கூடப் பிறந்தவளைக் கழுத்தைப் பிடித்து வெளியே தள்ளியாயிற்று. நாலு பேர் கைதட்டும் படம் போட்டார்கள். பூனைக்கு 'அவர்' போடுவது என்றும் அன்றைக்கே முடிவாகி, நட்சத்திரமும் விழுந்தது.

நட்சத்திரம் விழுந்த பிறகாவது எடுத்தானா? எப்படி எடுப்பான்? தானே போட்ட தடை, தானே காப்பாற்றிய வரி. இப்போது தொட்டால் அந்தத் தம்பி யார் என்று வடிகட்டிக்கு யாரும் சொல்லித் தர வேண்டாம்.

ஞாயிற்றுக்கிழமை அக்கா வீட்டுக்குச் சாப்பிடப் போனான். அத்தான் நேர்முகத் தேர்வுக்குத் தேய்த்த சட்டையைக் கழற்றாமலே ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தார். வா என்று தலையை மட்டும் அசைத்தார்.

"அவர் எதிர்லயே போன்ல பேரைத் தட்டிப் பாத்திருக்காங்கடா" என்றாள் அக்கா. "'ஒரு பூனையையே பாத்துக்கத் தெரியல, எங்க புள்ளைங்களை எப்படிப் பாத்துப்பீங்க'ன்னு கேட்டாங்களாம்."

அவன் ரசத்தை எடுத்து ஊற்றிக்கொண்டான்.

"முற்றுப்புள்ளின்னு ஒரு கடங்காரன். அவன்தான் என்னை உள்ளயே விடாம பண்ணிட்டான். அவன் வீட்ல யாருக்காவது இப்படி நடக்கணும்டா, அப்பத் தெரியும்."

"ஆமாக்கா."

"உனக்குத் தெரியுமா அவனை?"

"கேள்விப்பட்டிருக்கேன். ரொம்பக் கறாரான ஆளு."

"தடையை எடுக்கச் சொல்லி மனு போடலாம்னு எழுதியிருக்கான். எனக்கு அழகா எழுத வராது. நீ எழுதிக் குடுடா. உன் எழுத்தைப் படிச்சா கல்லும் கரையும்."

அவளுடைய போனை வாங்கி, அவள் பரிமாறிக்கொண்டிருக்கும்போதே, முற்றுப்புள்ளி ஐயாவுக்கு மனு எழுதினான். நன்றாகவே எழுதினான். அத்தானைப் பற்றி எழுதும்போது கண்கூடக் கலங்கியது, பொய் சொல்லக் கூடாது. அக்கா வாங்கிப் படித்துவிட்டு முந்தானையால் மூக்கைத் துடைத்துக்கொண்டாள். இன்னொரு முட்டையை எடுத்து அவன் தட்டில் வைத்தாள்.

மறுநாள் சாப்பாட்டு இடைவேளையில் மனு அவன் முன்னால் வந்து நின்றது. ஒருவர் போட்ட தடையை இன்னொருவர் பரிசீலிக்க வேண்டும் என்பது வழக்கம். வடிகட்டி எழுதியிருந்தார்: "மனு உருக்கமாக இருக்கிறது. எடுத்துவிடலாம் என்று தோன்றுகிறது. ஆனால் இந்த நடையை எங்கேயோ பார்த்த மாதிரி இருக்கிறதே? முற்றுப்புள்ளி என்ன சொல்கிறார்?"

இன்னும் கொஞ்சம் யோசித்தால் வடிகட்டி கண்டுபிடித்துவிடுவார். அவன் முந்திக்கொண்டான்.

"முதலில் எழுதியதையும் இதையும் சேர்த்துப் பாருங்கள். இது அந்தப் பெண் எழுதியதே அல்ல. விவரம் தெரிந்த யாரோ எழுதிக் கொடுத்திருக்கிறார்கள். ஏமாற்ற முயன்றதற்காகத் தடையை நிரந்தரமாக்கப் பரிந்துரைக்கிறேன்."

"அடடா, உங்கள் கண்ணுக்கு எதுவும் தப்பாது" என்றார் வடிகட்டி. நிரந்தரமாக்கினார்.

டப்பாவை மூடும்போது போன் அடித்தது. அக்கா.

"படிச்சிருப்பானாடா?"

"படிச்சிட்டாருக்கா."

"கொஞ்சமாவது இரங்கியிருப்பான்ல? நீ எழுதினது ஆச்சே."

பக்கத்து மேசை போன் மறுபடி அடிக்க ஆரம்பித்தது. "வேலை வந்துடுச்சுக்கா, அப்புறம் பேசறேன்" என்று சொல்லிவிட்டு அதை எடுத்தான். "மன்னிக்கணும் சார்" என்றான். "ஆள் கிளம்பிட்டாங்க சார்."