நேரில் சொன்ன சாவு

புனிதா இரண்டாம் முறை கதவைத் தட்டினாள். மணி பதினொன்று. இரண்டு மணிக்கு அப்பாவின் சவப்பெட்டியை மூடிவிடுவார்கள்.

அப்பா உடையப்பன் இறந்த செய்தியைக் கட்சிக்காரர்கள் படம் போட்டு ஈப்போ முழுக்க வாட்ஸ்அப்பில் அனுப்பியிருந்தார்கள். அது இந்த அடுக்குமாடியில் செல்லாது. கோப்பெங் தோட்டத்திலிருந்து வந்து குடியேறிய இவர்கள், வாசலுக்கு வந்து சொல்லாத சாவுக்குப் போகமாட்டார்கள். சட்டமன்ற உறுப்பினராகி ஒய்பி என்று அழைக்கப்படுவதற்கு முன், மளிகைக் கடை மாடியில் அலுவலகம் வைத்திருந்த வெறும் வக்கீலாக அப்பா தோட்டத்தில் இவர்கள் வரிசையாகக் குடியிருந்த லயத்து வீடுகளுக்காக ஆறு வருடம் வழக்காடினார். அந்த வழக்குதான் அவரைச் சட்டமன்றத்துக்கு அனுப்பியது. அதற்குப் பிறகு நடந்ததைப் பற்றி இரங்கல் செய்தியில் ஒரு வரிகூட இல்லை. இருந்தால்தான் ஆச்சரியம்.

தோட்டக் கமிட்டித் தலைவராக இருந்த சீனி கதவைத் திறந்தார். இரும்புக் கிரில்லைத் திறக்கவில்லை.

"அப்பா நேத்து தவறிட்டாரு மாமா. ரெண்டு மணிக்கு எடுக்கிறோம்."

"கட்சி அனுப்புச்சா உன்ன?"

"இல்ல. நானா வந்தேன்."

அவர் சத்தம் போடாமல் பேசினார். அதுதான் அவளைப் பயமுறுத்தியது. பன்னிரண்டு வருடத்துக்கு முன் லயத்தை இடிக்கப் புல்டோசர் வந்த காலையைப் பற்றிச் சொன்னார். முன்னால் வந்து நிற்பதாக அப்பா வாக்குக் கொடுத்திருந்தார். பிள்ளைகுட்டிகளோடு காத்திருந்தவர்கள் அவர் வீட்டுக்குப் போன் போட்டபோது, அப்பா கோலாலம்பூர் போய்விட்டார் என்று ஒரு பிள்ளை சொன்னதாம். கட்சிதான் இழுத்துக்கொண்டு போயிருக்கும் என்று சீனி இன்றுவரை எல்லாரையும் சமாதானப்படுத்தி வந்திருக்கிறார்.

"ஆளு நல்லவருதான்லா. எல்லாரையும் கிளம்பச் சொல்றேன், நீ போ."

பேசாமல் இறங்கியிருக்கலாம். ஆனால் ஒரு பொய்யை நம்பி இவர்கள் அப்பாவின் வாயில் அரிசி போடுவதை அவளால் பார்த்துக்கொண்டிருக்க முடியாது.

"போன எடுத்தது நாந்தான் மாமா. அப்பா பக்கத்துலதான் உட்கார்ந்திருந்தாரு. பயந்துட்டாரு."

சீனி கிரில்லிலிருந்து கையை எடுத்தார். பிறகு கதவு சாத்திக்கொண்டது.

ஒன்றே முக்காலுக்கு அப்பாவின் வீட்டில் கட்சித் தலைவர் மாலை போட்டு, படம் எடுத்துக்கொண்டு கிளம்பினார். செயலாளர் தேவன் கடிகாரத்தைப் பார்த்தபடியே இருந்தார். யாருக்காகக் காத்திருக்கிறாய் என்று அம்மா இரண்டு தரம் கேட்டுவிட்டாள். புனிதாவுக்குத் தோட்டத்துக்காரர்கள் வந்தால் என்ன சொல்வார்களோ என்றும் பயம், வராமலே போய்விடுவார்களோ என்றும் பயம். உண்மையைச் சொன்ன வாயை அறைந்துகொள்ளலாம் போலிருந்தது.

மூடியைத் தூக்கிய நேரத்தில் வாசலில் ஒரு பழைய பள்ளி பஸ் வந்து நின்றது. சீனி முதலில் இறங்கினார். அவளைப் பார்க்கவில்லை. நேராகப் பெட்டியருகே வந்து அப்பாவின் முகத்தைப் பார்த்தபடி நின்றார்.

"நீங்க பயந்தத எல்லாருகிட்டயும் சொல்லிட்டேன் லாயரே," என்றார். "சொல்லித்தான் கூட்டியாந்திருக்கேன்."

புனிதா அரிசித் தட்டை நீட்டினாள். அவர் மூன்று முறை அள்ளிப் போட்டார். மூடியைப் பிடித்திருந்தவர்கள் அதைச் சுவரோரம் சாய்த்து வைத்தார்கள். பஸ்ஸிலிருந்து இன்னும் ஆட்கள் இறங்கிக்கொண்டிருந்தார்கள்.