கடைசிக் காட்சியில் மிக்ஸி

1

“மச்சான், அந்தப் புல்லாங்குழல மட்டும் எடுத்துடு—”

“எடுத்துட்டா அதுல என்னடா இருக்கு?”

“மிக்ஸி இருக்குல்ல.”

“டேய், அது என் வூட்டு மிக்ஸிடா! காயத்ரி சட்னி அரைச்சா, மைக்குல வுழுந்துடுச்சி. சும்மா மாதிரிக்கு அனுப்புனத—”

“அந்த எடத்துலதான் மச்சான் அழுகையே வருது. குழலுதான் தொந்தரவு.”

எனக்குக் கிடைத்தது இவ்வளவுதான். கடலூரிலிருந்து சிதம்பரம் போகும் பஸ்ஸில் முன் சீட்டுக்காரர் போனை ஸ்பீக்கரில் போட்டுச் சண்டை பிடித்தார், ஆலப்பாக்கத்தில் இறங்கிவிட்டார். மீதிக்கு நான்தான் பொறுப்பு. எனக்குக் கதை காதில்தான் வரும். ஆட்கள் பேசினால் எழுதுவேன். அவர்கள் வாயை மூடினால் என் பேனாவும் மூடிக்கொள்ளும்.

2

கடலூர் முதுநகரில் ஒரு மாலை, கடல் காற்று மெல்ல… (வேண்டாம். காற்று பேசாது.)

செம்பியன் முதுநகரில் வாடகை வீட்டுப் படுக்கையறையில், பீரோவுக்கும் கட்டிலுக்கும் நடுவே உட்கார்ந்து இசையமைப்பவன். சிதம்பரத்து இளவரசு நண்பர்களைச் சேர்த்து எடுத்த படத்தில்தான் முதன்முதலாக ‘இசை: செம்பியன்’ என்று திரையில் வரப்போகிறது. கடைசிக் காட்சியில் அப்பா செத்துப்போகிறார். அதற்கு வைத்த குழல் மெட்டு, செம்பியன் இதுவரை போட்டதிலேயே நல்லது. இளவரசு அந்த மாதிரிப் பதிவை வைத்தே எடிட் செய்தான். கேட்டுக் கேட்டு மிக்ஸியிடம் மனதைக் கொடுத்துவிட்டான்.*

* இசைக்காரர்களுக்குத் தெரிந்த வியாதி. தற்காலிகமாக வைத்ததை டைரக்டர் கழற்ற விடமாட்டார்.

3

காயத்ரியை அப்பாவி மனைவியாக எழுதப் பார்த்தேன். ஒத்துக்கொள்ளவில்லை. மிக்ஸியை மட்டும் தனியாகப் பதிய இளவரசு நேரிலேயே வந்துவிட்டான். அவளும் ஜாரை மாட்டிவிட்டாள்.

“இல்லம்மா தங்கச்சி, அன்னிக்கி இன்னும் துக்கமா இருந்துச்சி.”

“அன்னிக்கி காஞ்ச மொளகாண்ணே. இன்னிக்கி பச்ச மொளகா.”

“அதான பாத்தேன்! நடுவுல ஒரு எடத்துல திக்கித் திக்கி நின்னுச்சே?”

“தேங்கா சிக்கிக்கிச்சி. மூடிய ஒரு தட்டு தட்டுனேன்.”

“அந்தத் தட்டுதாம்மா! அப்பாவுக்கு உசுரு போறதே அந்தத் தட்டுலதான்!”

“நான் ஒருத்தன் இங்க இருக்கேன்,” என்றான் செம்பியன்.

“பேசாத மச்சான், மைக்கு ஆன்ல இருக்கு.”

4

முடிவு (அ): “என் பேர எடுத்துடு” என்று செம்பியன் எழுந்து… (அடித்துவிட்டேன். அந்த இடத்தில் காயத்ரி பெயரைப் போட இளவரசு தயாராக இருக்கிறான்.)

முடிவு (ஆ): மிக்ஸி புகைந்து நின்றுவிடுகிறது, வேறு வழியில்லாமல் குழலே… (எழுதி முடிப்பதற்குள் இளவரசு பக்கத்து வீட்டுக் கொளஞ்சியிடம் மிக்ஸி இரவல் வாங்கி வந்துவிட்டான். என்னை ஒரு வார்த்தை கேட்கவில்லை.)

முடிவு (இ) உங்களுடையது. என்னிடம் இருப்பது இதுதான்: ரெக்கார்ட் பட்டன்மேல் செம்பியனின் விரல். அழுத்தினால் மிக்ஸி பதிவாகும், குழல் மெட்டு போய்விடும், பெயர் நிற்கும். அழுத்தாவிட்டால் பெயரும் போய்விடும். அவன் வாய் திறந்தால் எழுதிவிடுவேன். திறக்கமாட்டேன் என்கிறான்.

காயத்ரி சுவிட்சில் கை வைத்தபடி திரும்புகிறாள்.

“ஏங்க, ஒங்களத்தான். தேங்கா போட்டு அரைக்கவா, போடாமயா?”