சாட்சி சொல்ல வந்த காவல் நிலையம்

காவல் நிலையம் தன் அஸ்திவாரத்தை விட்டு எழுந்து நீதிமன்றத்தை நோக்கி நகரத் தொடங்கியது ஒரு செவ்வாய்க்கிழமை. அன்று வெங்காய விலை சற்று இறங்கியிருந்தது. நாளொன்றுக்கு ஒரு சாண்தான் என்பதால் முதலில் யாரும் கவனிக்கவில்லை. வாசற்படி மட்டும் பின்தங்கிவிட, வழக்கம்போல் காலை வைத்த ஏட்டு குப்புற விழுந்து பல்லை உடைத்துக்கொண்டபோதுதான் விஷயம் வெளியே வந்தது.

காரணம் ஊருக்குத் தெரியும். விசிறிக்கும் மோட்டாருக்கும் காயில் கட்டும் பெண் ஒருத்தி. காயில்காரி என்றால்தான் அடையாளம். செம்புக் கம்பி திருட்டு விசாரணை என்று அவளை அழைத்துப்போன ஆய்வாளர், பின்னறையில் பூட்டிவைத்துப் பாலியல் வன்முறை செய்தார். வெளியே விட்டதும் அவள் வீட்டுக்குப் போகவில்லை. நேரே அரசு மருத்துவமனைக்குப் போய், நடந்ததைச் சொல்லிப் பதிவு செய்யவைத்தாள். பிறகுதான் டவுன் பஸ் ஓட்டும் கணவனிடம் சொன்னாள். அவன் காக்கிச் சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டிவிட்டுக் கேட்டான்.

“அவங்களோட மோதினா நாம தாங்குவோமா?”

“தாங்கிட்டுதானே வந்திருக்கேன். இன்னும் என்ன இருக்கு தாங்க?”

அதன்பின் அவன் அந்தக் கேள்வியை எழுப்பவே இல்லை.

வழக்கு நீதிமன்றத்துக்கு வந்ததும் ஆய்வாளர் மறுத்தார். அன்று நிலையத்தில் பணியில் இருந்த ரைட்டரும் பெண் காவலரும், பின்னறையில் என்ன நடந்தாலும் தங்கள் மேசைக்குச் சத்தம் கேட்காது என்று எழுதிக் கொடுத்தார்கள். இடத்தை நேரில் வந்து பாருங்கள் என்று அவள் கேட்டதற்கு நீதிபதி தலையைக்கூட நிமிர்த்தவில்லை. “கட்டடத்தைத் தேடி கோர்ட்டு வராதும்மா. சாட்சி இருந்தா இங்க கூட்டிட்டு வா.” அது திங்கட்கிழமை. மறுநாள் கட்டடம் கிளம்பியது.

நடு ரோட்டில் காவல் நிலையம் நகர்ந்துகொண்டிருந்த வருடங்களில் ஊர் தன்னை அதற்கேற்ப வளைத்துக்கொண்டது. கடைக்காரர்கள் முன்கூட்டியே கூரைத் தகரத்தை மடக்கினார்கள். குடிநீர்க் குழாயை வருடாவருடம் நீட்டினார்கள். உள்ளே இருந்த கைதிகளுக்கு ஜன்னல் வழியே புதுப்புதுத் தெருக்கள் தெரிந்தன. இரும்புச் சங்கிலி போட்டு இழுத்துக் கட்டிப் பார்த்தது காவல் துறை. சங்கிலியும் கூடவே நகர்ந்தது. ஆய்வாளருக்கு இதற்குள் சில மாற்றல்களும் ஒரு பதவி உயர்வும் கிடைத்தன. பணியில் இருந்தபோது நடந்ததாகச் சொல்லப்படுவதால் அரசு அனுமதியின்றி வழக்குத் தொடர முடியாது என்று அவருடைய வக்கீல் வாதாட, அனுமதி கேட்டு மேலே போன கோப்பு அங்கேயே தூங்கியது. காயில்காரி ஒவ்வொரு வாய்தாவுக்கும் கடையைப் பூட்டிவிட்டுப் போனாள். அவள் புருஷன் தினமும் பஸ்ஸை ஒடித்து அந்தக் கட்டடத்தைச் சுற்றிப் போனான். பயணிகள் முணுமுணுத்தால், “அது என் பொண்டாட்டி கேஸுக்குப் போயிட்டிருக்கு. நாம கொஞ்சம் ஒதுங்கிப் போலாம்” என்பான். அதற்குமேல் யாரும் பேச மாட்டார்கள்.

கட்டடம் நீதிமன்ற வாசலுக்கு எதிரே வந்து நின்றபோது அங்கே புது நீதிபதி இருந்தார், ஒரு பெண்மணி. அனுமதிப் பேச்சை வக்கீல் மறுபடி எடுத்ததும், “எந்தச் சட்டத்துல இதை வேலைன்னு எழுதியிருக்கு?” என்று கேட்டு அதை அத்தோடு முடித்தார். பிறகு ரோட்டைக் கடந்து காவல் நிலையத்துக்குள் போனார். நீதிமன்ற ஊழியர் ஒருவரைப் பின்னறையில் விட்டுக் கதவைச் சாத்தி, அன்றைய செய்தித்தாளைச் சாதாரணக் குரலில் படிக்கச் சொன்னார். ரைட்டரின் மேசையருகே எல்லாரும் நின்றார்கள். வானிலை அறிக்கை கேட்டது. வரன் தேடும் விளம்பரம் கேட்டது. பக்கம் புரட்டும் சத்தம்கூடக் கேட்டது.

“கேக்குதா?” என்றார் நீதிபதி.

ரைட்டருக்கு நரைத்துவிட்டிருந்தது. “கேக்குதுங்கம்மா.”

“அன்னிக்கு?”

ரைட்டர் பெண் காவலரைப் பார்த்தார். அவள் ஏற்கெனவே அழுதுகொண்டிருந்தாள்.

“அன்னிக்கும் கேட்டுதும்மா. எல்லாமே கேட்டுது” என்றாள்.

ஆய்வாளருக்கு ஆயுள் தண்டனை. கேட்டும் கேட்கவில்லை என்று எழுதிக் கொடுத்த இருவருக்கும் சிறை. காயில்காரி தீர்ப்பை நின்றபடியே கேட்டாள். உட்காரச் சொன்னார்கள், உட்காரவில்லை. வெளியே வந்து புருஷனிடம், “பசிக்குது” என்றாள். இத்தனை வருடத்தில் அவளாக அப்படிச் சொன்னது அதுவே முதல் முறை. அவனுக்குக் கண் நிறைந்துவிட்டது.

கட்டடம் திரும்பிப் போகவில்லை. பழைய இடத்துக்கு வரும்படி காவல் துறை ஆணை ஒட்டியது. மழையில் அது கரைந்தது. இப்போது பஸ்ஸில் ஸ்டேஷனுக்கு டிக்கெட் கேட்பவர்களை நீதிமன்ற வாசலில் இறக்கிவிடுகிறார்கள். இறங்கியவர்கள் இரண்டு பக்கமும் பார்த்து ரோட்டைக் கடக்கிறார்கள்.